சீட்டில் வந்த பேர்

அடுத்தவர் பாட்டு நாலும் ஒரு தடங்கலும் இல்லாமல் இணையத்தில் ஏறிவிட்டன. சொந்தப் பாட்டுதான் மாட்டிக்கொண்டது. இந்த அநியாயத்தை எங்கே போய்ச் சொல்ல!

"என்னலே சொல்லுத? என் பாட்ட நான் பாடக்கூடாதா?" என்றாள் முத்துசெல்வி.

பெஞ்சமின் கம்ப்யூட்டரை அவள் பக்கம் திருப்பினான். தென்காசி ரயில் நிலையத்துக்குப் பின்னால், மருந்துக்கடை மாடியில் அவனுடைய ஸ்டுடியோ. முட்டை அட்டை ஒட்டிய சுவர், ஒரு மைக், ஒரு ஏசி. பாட்டுப் பதியும்போது சத்தம் விழும் என்று அந்த ஏசியையும் அணைத்துவிடுவான். அந்த வேக்காட்டில் நின்றுதான் ஆறு மாதமாக எட்டுப் பாட்டையும் அவள் பாடி முடித்திருந்தாள்.

"மத்தவுக பாட்டு நாலுக்கும் முறையா அனுமதி வாங்கிட்டோம்க்கா. அதுல பிரச்சினை இல்ல. இந்த ஒரு பாட்டு எங்களோடதுன்னு மெட்ராஸ் ஆடியோ கம்பெனி ஒண்ணு நோட்டீஸ் விட்டிருக்கு. ஏழு நாளுக்குள்ள நம்ம பாட்டுன்னு ஆதாரம் காட்டணும். இல்லன்னா சேனலையே மூட வச்சிருவாங்க."

"நம்ம பாட்டுதானலே!"

"எனக்குத் தெரியும்க்கா. அவனுக்குத் தெரியணும்லா."

முத்துசெல்வி சாதாரணப் பாட்டுக்காரி இல்லை. ஆடிக்கொண்டே பாடுகிறவள். கோயில் கொடைத் திருவிழா நோட்டீஸில் 'தென்காசி ரோஜா' என்று சிவப்பு எழுத்தில் போடுவார்கள். ஒரு சுற்று சுற்றி நின்று, மூச்சு இரைக்காமல் அடுத்த வரியை எடுப்பாள். அதைப் பார்க்கவே வீரகேரளம்புதூரில் இருந்து செங்கோட்டை வரைக்கும் ஆள் சைக்கிள் மிதித்து வந்த காலம் ஒன்று இருந்தது. இப்போது அவளுக்கு வயது நாற்பத்தைந்து. முட்டியில் பட்டை கட்டாமல் மாடிப்படி ஏற முடியாது. கொடைக் கமிட்டிக்காரர்களோ பென் டிரைவில் பாட்டைப் போட்டு நாலு சின்னப் பெண்களை ஆடவிட்டால் போதும் என்று ஆகிவிட்டார்கள். போன வருஷம் முழுக்க அவளுக்குக் கிடைத்தது இரண்டே மேடை. ஒன்றில் மழை வந்தது. இன்னொன்றில், "கொஞ்சம் ஒதுங்கி நில்லுங்கம்மா, பிள்ளைக ஆடுறது மறைக்கி" என்று ஒருத்தன் கீழேயிருந்து கத்தினான். அம்மா! அவன் வாயில் மண் விழ.

அதற்குப் பிறகு பிறந்ததுதான் இந்த ஆல்பம். பெயர் 'ரோஜா ரிட்டன்ஸ்'. அவளுடைய பழைய பாட்டு நாலைப் புதுத் தாளத்தில் மாற்றியது, மேடையில் அவள் தன் பாணியில் பாடிப் பேர் வாங்கிய பிறர் பாட்டு நாலு. சீசனில் குற்றாலத்து மேடை ஒன்றில் வெளியிடுவதாகத் தேதியும் குறித்தாகிவிட்டது. இது போனால் மேடை போச்சு. மேடை போனால் முத்துசெல்வி என்று ஒருத்தி இருந்ததே போச்சு. அப்படித்தான் அவள் நினைத்தாள்.

மாட்டிக்கொண்ட பாட்டு எது தெரியுமா? உங்களுக்கும் தெரிந்ததுதான். மினி பஸ்ஸில் கேட்டிருப்பீர்கள், கல்யாண வீட்டில் ஆடியிருப்பீர்கள்.

*ஐந்தருவி குளிக்கப் போயி*
*ஆனந்தமா ஆடப் போயி*
*ஒத்தக் காலு கொலுசத் தொலைச்சு*
*ஓடி வந்த பச்சக்கிளி*
*ஏட்டி சுகந்தி... எங்கட்டி கொலுசு?*

இந்தப் பாட்டை முத்துசெல்வி உட்கார்ந்து எழுதவில்லை. நின்றபடி, மேடையில், ஒரு சீட்டைப் பார்த்துக் கட்டினாள். எங்கள் பக்கத்துக் கொடைகளில் அப்படி ஒரு வழக்கம். ஊர்ப் பெரியவரோ, வெளிநாட்டில் இருந்து வந்தவரோ, துண்டுச் சீட்டில் ஒரு பேரை எழுதிக் கொடுத்து அனுப்புவார். கூட்டத்தின் தலைக்கு மேலே கை மாறிக் கை மாறிச் சீட்டு மேடைக்கு வரும். பாடுகிறவள் அந்தப் பேரைப் பாட்டுக்குள் வைத்துப் பாட வேண்டும். பேர் வந்துவிட்டால் பாடியே ஆக வேண்டும், தள்ளக்கூடாது. தள்ளினால் சீட்டுக் கொடுத்தவருக்கு அவமானம், அடுத்த வருஷம் அந்த ஊருக்குள் கால் வைக்க முடியாது. இருபத்தைந்து வருஷத்தில் முத்துசெல்வி ஒரு சீட்டைக்கூடத் தள்ளியதில்லை. அது அவளுடைய கௌரவம்.

இரண்டாயிரத்து ஆறு, ஆடி மாதம், அச்சன்புதூர்க் கொடை. கமிட்டித் தலைவர் சங்கரபாண்டி அண்ணாச்சியின் மகளுக்கு ஒன்பது வயது. காலையில் ஐந்தருவியில் குளிக்கப் போன இடத்தில் ஒரு கால் கொலுசைத் தண்ணீர் அடித்துக்கொண்டு போய்விட்டது. பிள்ளை பகல் முழுக்க அழுது தீர்த்தது. சாயங்காலம் அண்ணாச்சி சீட்டு அனுப்பினார்: 'எம் மக சுகந்தி. கொலுசு தொலைஞ்சு அழுதா. சிரிக்க வையி தாயி.' அந்த நிமிஷத்தில் வாயில் வந்த பாட்டு அது. பிள்ளை சிரித்தது. ஊரே சேர்ந்து பாடியது.

கீபோர்டு வாசித்த நாகராஜன் அதை மனதில் போட்டுக்கொண்டான். இரண்டு வருஷம் கழித்து மெட்ராஸுக்குப் போனான். பாட்டை அவன் எழுதியதாகப் பதிந்தான். 'யாரோட போன, யாரு கழட்டுனா' என்று கூட நாலு வரி சேர்த்து, வேறொரு பெண்ணைப் பாடவைத்து வெளியே விட்டான். பாட்டு பற்றிக்கொண்டது. முத்துசெல்வி கத்திப் பார்த்தாள், அழுது பார்த்தாள். 'உம் பாட்டுன்னு என்ன அத்தாட்சி?' என்று கேட்டார்கள். அத்தாட்சிக்கு அவள் எங்கே போவாள்? மேடையில் அதையே பாடினாலும் ஜனம், 'நல்லா காப்பி அடிக்கா' என்றது. பதினேழு வருஷம் அவள் தன் பாட்டுக்கே நகல் பாடினாள். எரியுமா எரியாதா?

"அன்னைக்கு வீடியோ எடுத்தாங்க பெஞ்சமின்," என்றாள் திடீரென்று. "அண்ணாச்சி மக ஆசைப்பட்டான்னு வீடியோக்காரனக் கூட்டிட்டு வந்தாரு. முகத்துக்கு நேரா லைட்ட அடிச்சு என் கண்ணே கூசிச்சு. அதுல தேதி இருக்கும்லா?"

"இருந்தா ஜெயிச்சிட்டோம்க்கா," என்றான் பெஞ்சமின்.

மறுநாள் காலை முதல் பஸ்ஸில் அச்சன்புதூர் போனாள். அண்ணாச்சி வீடு எது என்று டீக்கடையில் கேட்டாள். டீ ஆற்றிக்கொண்டிருந்தவர் யோசித்துவிட்டு, "கொலுசு வீடா?" என்று கேட்டார்.

அவளுக்கு அப்போது சந்தோஷமாக இருந்தது. பார்த்தாயா, ஊர் மறக்கவில்லை என்று நினைத்தாள். சாட்சி சொல்ல ஆள் இருக்கிறது என்றுதான் அவள் புத்தி போனது. வேறு எங்கே போகும்?

அந்த வீட்டில் இப்போது வாடகைக்கு இருந்த ஷமீம் பானு வாசலில் நின்றே விவரம் சொன்னாள். சங்கரபாண்டி இறந்து நாலு வருஷம். அவருக்கு முன்னாலேயே மனைவி போய்விட்டாள். ஒரே மகள் வீரகேரளம்புதூரில் தையல் கடை வைத்திருக்கிறாள்.

"சுகந்தின்னு அங்கன போயி கேக்காதீங்கக்கா. கெசட்ல போட்டுப் பேர மாத்திட்டா. காளீஸ்வரின்னு கேளுங்க," என்றாள் ஷமீம் பானு.

"ஏன் மாத்துனா?"

ஷமீம் பானு அவளை ஒரு மாதிரி பார்த்தாள். "நீங்க டிவி, போனு ஒண்ணும் பாக்க மாட்டியளோ?" என்று கேட்டுவிட்டு உள்ளே போனாள்.

வீரகேரளம்புதூர் பஸ் நிறுத்தத்துக்கு எதிரே இரண்டாவது சந்தில் கடை. 'காளீஸ்வரி ஆரி ஒர்க்ஸ்' என்று போர்டு. உள்ளே மரச்சட்டத்தில் இழுத்துக் கட்டிய பட்டு ஜாக்கெட் துணியில் ஒரு பெண் ஊசியால் ஜரிகை குத்திக்கொண்டிருந்தாள். இருபத்தெட்டு வயது இருக்கும். கழுத்தில் தாலி இல்லை. காலில் கொலுசும் இல்லை. முத்துசெல்வியின் கண் முதலில் காலுக்குத்தான் போனது. அந்தப் பெண் அதைக் கவனித்துவிட்டாள். உட்கார்ந்தபடியே சுடிதார் காலை இழுத்து மூடினாள்.

"என்ன தைக்கணும்?"

"தைக்க வரலம்மா. நான் முத்துசெல்வி. தென்காசி ரோஜான்னு சொல்லுவாங்க. உன் சின்ன வயசுல, உங்க ஊர்க் கொடையில..." முத்துசெல்வி ஒரே மூச்சில் எல்லாவற்றையும் கொட்டினாள். ஆல்பம், நோட்டீஸ், நாகராஜன், வீடியோ, இன்னும் ஆறே நாள். "அது என் பாட்டும்மா. நீ சின்னப் பிள்ளையா இருந்ததால ஞாபகம் இருக்காது. உனக்காக நான் கட்டுன பாட்டு. ஊரு உலகமெல்லாம் அடுத்தவ பாட்டுன்னு நினைக்கி. நான்தாம்மா முதமுதல்ல பாடுனேன்."

ஊசி நின்றது.

"நீங்களா?" என்றாள் அந்தப் பெண்.

"நான்தான்."

"மெட்ராஸ்ல பாடுனாளே, எங்க ஊர் மேடையில பாடுனதும் அவ இல்லையா?"

"அவ என்னையப் பாத்துப் பாடுனவம்மா. சத்தியமா நான்தான்."

பதினேழு வருஷத்தில் அவளுடைய பாட்டு அவளுடையதுதான் என்று முதல்முதலாக ஒருத்தி நம்பினாள். நல்ல நேரம் வந்துவிட்டது என்றே நினைத்தாள் முத்துசெல்வி, பாவி.

"இத்தன வருசமா நான் அந்த மெட்ராஸ்காரியத்தான் ஏசிக்கிட்டு இருந்தேன்," என்றாள் சுகந்தி. சத்தம் போடவில்லை, சாதாரணமாகத்தான் சொன்னாள். "அவ நல்லா இருக்கக்கூடாது, அவ குரலு அடைச்சுப் போகணும்னு ராத்திரி ராத்திரி சாமிகிட்டக் கேட்டிருக்கேன். கடைசியில நீங்களா?"

சுகந்தி சொன்னாள். ஆறாவதில் தொடங்கியதாம். வகுப்பில் வருகை எடுக்கும்போது இவள் பேர் வந்ததும் பின் பெஞ்சிலிருந்து 'எங்கட்டி கொலுசு?' என்று சத்தம் வரும். வாத்தியாரும் சிரித்துவிட்டுத்தான் அதட்டுவார். பத்தாவதில் பஸ்ஸில் இவள் ஏறினால் டிரைவரே பாட்டைப் போடுவார். 'யாரோட போன, யாரு கழட்டுனா' என்ற வரிக்குப் பையன்கள் எல்லோரும் இவளைப் பார்த்துப் பாடுவார்கள். ஒன்பது வயதில் தண்ணீரில் போன கொலுசு அது என்று யாரிடம் போய் விளக்குவது? காலேஜை இரண்டாம் வருஷமே நிறுத்தினாள். வடகரையில் ஒரு மாப்பிள்ளை அமைந்தது. நிச்சயத்தன்று மாப்பிள்ளையின் கூட்டாளிகள் விளையாட்டாக அந்தப் பாட்டை ஸ்பீக்கரில் போட்டார்கள். 'இந்தப் பிள்ளையப் பத்தித்தான் பாட்டே வந்திருக்காம்லா' என்று யாரோ ஒரு கிழவி கேட்டாள். அவ்வளவுதான், தட்டு மாற்றாமலே எழுந்து போனார்கள்.

"எங்கப்பா அன்னைக்கு நடுவீட்டுல உக்காந்து, 'நான்தான சீட்டு அனுப்புனேன், நான்தான சீட்டு அனுப்புனேன்'னு தலையில அடிச்சுக்கிட்டாரு. சாகுற வரைக்கும் அதத்தான் சொன்னாரு."

"எனக்குத் தெரியாதும்மா. கொல்லூர் மூகாம்பிகை மேல சத்தியமா..." முத்துசெல்வி எதை வைத்துச் சத்தியம் செய்கிறோம் என்றே தெரியாமல் உளறினாள். "நாகராஜன் சேத்த வரிம்மா அது. நான் பாடுனது பிள்ளைப் பாட்டு."

"எம் பேர யாரு வச்சா?"

முத்துசெல்வி தரையில் உட்கார்ந்துவிட்டாள். முட்டி மடக்க முடியாமல் காலை நீட்டிக்கொண்டு, சிதறிக் கிடந்த நூல் துண்டுகளுக்கு நடுவே உட்கார்ந்து அழுதாள். அழுகையில் பாதி அந்தப் பெண்ணுக்காக. பாதி ஆல்பத்துக்காக. எது எவ்வளவு என்று அவளுக்கே தெரியாது.

"எனக்கும் ஒரு மக இருக்காம்மா. நாகர்கோயில்ல நர்சிங் படிக்கா. அவ அப்பா போயி ஆறு வருசமாச்சு. மேடையில ஆடுதவ மகன்னு யாரும் ஒரு சொல்லு சொல்லிரக்கூடாதுன்னு ஹாஸ்டல்ல விட்டு, அவ காலேஜ் பக்கமே நான் தலைகாட்டாம வளக்கேன். உன் கஷ்டம் எனக்குப் புரியாதா?"

"உங்க மக பேரு என்ன?"

"அபிநயா."

"நல்ல பேரு," என்றாள் சுகந்தி.

பிறகு எழுந்து போய், பின்கட்டில் இருந்த தகரப்பெட்டியிலிருந்து ஒரு சிடியை எடுத்து வந்தாள். 'அச்சன்புதூர்க் கொடை 2006' என்று மேலே ஸ்கெட்ச் பேனாவில் எழுதியிருந்தது.

"அப்பா ஒடைக்கப் போனாரு. ஆனா அதுல நான் சிரிச்சுக்கிட்டு இருப்பேன்னு ஒடைக்க மனசு வரல அவருக்கு. கொண்டுபோங்க. உங்க பாட்டுன்னு நிரூபிச்சுக்கிடுங்க."

முத்துசெல்வி இரண்டு கையாலும் வாங்கினாள்.

"ஆனா ஒண்ணு. உங்க பாட்டுன்னு ஆயிட்டா, அத மாத்துத உரிமையும் உங்களுக்கு வந்திரும்லா? ஊரெல்லாம் பாடுதத என்னால நிப்பாட்ட முடியாது. முதல்ல பாடுனவுக நிப்பாட்டட்டும். இனி உங்க வாயில இருந்து எம் பேரு வரக்கூடாது. ஆல்பத்துலயும் சரி, மேடையிலயும் சரி."

"வராதும்மா. என் மக மேல சத்தியமா வராது," என்றாள் முத்துசெல்வி.

சிடி ஓடியது. ஸ்டுடியோவில் பெஞ்சமின் கை தட்டிக் குதித்தான். ஓரத்தில் மஞ்சள் எழுத்தில் தேதி, நடுவில் இருபத்தாறு வயது முத்துசெல்வி. இடுப்பில் கை வைத்து ஒரு சுற்று சுற்றினாள். முட்டியைப் பற்றிய நினைப்பே இல்லாத சுற்று. அண்ணாச்சியின் தோளில் ஒரு கால் மொட்டையாக, ஒரு காலில் கொலுசோடு ஒரு பிள்ளை. தன் பேர் வந்ததும் இரண்டு கையையும் தூக்கி ஆட்டியது. பாட்டு முடிந்ததும் கேமரா கிட்டே போனது. பிள்ளை மேடையைப் பார்த்து, "இன்னொரு தடவ பாடுங்கக்கா!" என்று கத்தியது.

முத்துசெல்வி எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றுகொண்டாள்.

நாலாவது நாள் கம்பெனி நோட்டீஸைத் திரும்ப வாங்கியது. பாட்டு முத்துசெல்வியுடையது என்று எழுத்திலேயே வந்தது. பெஞ்சமின் அந்தக் காகிதத்தை அச்செடுத்துக் கொடுத்தான். அவள் அதைச் சாமி படத்துக்குப் பக்கத்தில் வைத்தாள். வாக்குக் கொடுத்தபடி பேரையும் மாற்றினாள். 'ஏட்டி சுகந்தி' இருந்த இடத்தில் 'ஏட்டி செல்லம்' என்று புதிதாகப் பாடிப் பதிந்தாள்.

"அக்கா, தப்பா நினைக்காதிய. இது சவசவன்னு இருக்கு," என்றான் பெஞ்சமின். "அந்தப் பேருலதான் பாட்டே நிக்கி."

"தெரியும்லே. ஏத்து."

ஏற்றினான். 'உப்பில்லாத சோறு', 'ஒரிஜினலைக் கெடுத்துட்டாங்க', 'பாட்டி, போதும்' என்றெல்லாம் கீழே எழுதினார்கள். மற்ற ஏழு பாட்டையும் கேட்கக்கூட ஆள் இல்லை. பாட்டு கைக்கு வந்துவிட்டது, ஆனால் கேட்பதற்கு நாதியில்லை. முத்துசெல்விக்கு இனி மிச்சம் இருந்தது குற்றாலத்து மேடை ஒன்றுதான். அங்கே ஜனத்தை நிறுத்திக் காட்டிவிட்டால் கொடைக் கமிட்டிக்காரர்கள் கண்ணில் படும். ஆவணி, புரட்டாசிக்கு மேடை கிடைக்கும். மூன்று பேர் பார்க்க வருவதாகவும் சொல்லியிருந்தார்கள்.

நிகழ்ச்சி சாயங்காலம் ஆறு மணிக்கு. சாரல் விழுந்துகொண்டே இருந்தது. அன்று காலையிலிருந்து மெயினருவியில் வெள்ளம், குளிக்கத் தடை. குளிக்க வந்த ஜனமெல்லாம் போக்கிடம் இல்லாமல் நாற்காலிகளை நிறைத்து உட்கார்ந்திருந்தது. தலையில் துண்டு, கையில் நேந்திரங்காய் வறுவல். மூன்றாவது வரிசையில், ஓரத்தில், காபிப்பொடி நிறச் சுடிதாரில் சுகந்தி உட்கார்ந்திருந்தாள். வாக்கு நிற்கிறதா என்று பார்க்க வந்திருக்கிறாள். வரட்டும், நின்று காட்டுகிறேன் என்று நினைத்துக்கொண்டே முத்துசெல்வி முட்டிப் பட்டையை இறுக்கினாள்.

முதல் பாட்டுக்குக் கை தட்டினார்கள். இரண்டாவதுக்குக் கொஞ்சம் ஆடினார்கள். மூன்றாவது பாடும்போது ஒலிபெருக்கியில் போலீஸ் அறிவிப்பு வந்தது: மெயினருவியில் தண்ணீர் குறைந்துவிட்டது, பொதுமக்கள் குளிக்க அனுமதிக்கப்படுகிறார்கள்.

கெட்டது குடி. ஜனம் எழுந்தது. நாற்காலி விழுந்தது, துண்டும் சோப்பு டப்பாவுமாக வரிசை வரிசையாகப் போனார்கள். முத்துசெல்வி குரலை உயர்த்திப் பாடினாள், சுற்றினாள், முட்டி சுருக்கென்றது, சிரித்துக்கொண்டே சுற்றினாள். நாலாவது பாட்டு. ஐந்தாவது. கமிட்டிக்காரர்கள் மூன்று பேரில் ஒருவர் எழுந்து வேட்டியை மடித்துக் கட்டினார். 'ஏட்டி செல்லம்' பாட்டைத் தொடங்கினாள். முதல் நாலு வரிக்குச் சிலர் திரும்பிப் பார்த்தார்கள். 'செல்லம்' வந்ததும் மறுபடி நடக்கத் தொடங்கினார்கள். மிச்சம் இருந்தது நாற்பது பேர்கூட இருக்காது. அதில் பாதி வறுவல் தின்று முடிக்கக் காத்திருந்தது.

இனி என்ன இருக்கிறது இழக்க? ஒரே ஒரு தடவை. ஒரே ஒரு தடவை என்றுதான் அவள் நினைத்தாள். சுகந்தி இருந்த பக்கம் அவள் பார்க்கவில்லை.

"நில்லுங்கய்யா!" என்று மைக்கில் கத்தினாள். "இந்தப் பாட்டு என் பாட்டு! பத்தொன்பது வருசத்துக்கு முன்னால அச்சன்புதூர் மேடையில நான் கட்டுன பாட்டு! எழுத்துலயே வாங்கியிருக்கேன்! ஒரிஜினலக் கேட்டுட்டுப் போங்க!"

பெஞ்சமினைப் பார்த்துக் கை காட்டினாள். அவன் பழைய தாளத்தைப் போட்டான்.

*ஏட்டி சுகந்தி... எங்கட்டி கொலுசு?*

ஆகா, அந்தச் சத்தம்! போனவர்கள் ஓடி வந்தார்கள். பாதி குளித்தவன் ஈரத்துண்டோடு வந்தான். பிள்ளைகளைத் தோளில் தூக்கிக்கொண்டு வந்தார்கள். கமிட்டிக்காரர் மடித்த வேட்டியை இறக்கிவிட்டு உட்கார்ந்தார். விசில் பறந்தது. அவளுக்கு முட்டி வலி மறந்தது, வயது மறந்தது, சத்தியமும் மறந்தது. பதினேழு வருஷமாக அடுத்தவளுடையதாக இருந்த ஜனம் முழுவதும் இப்போது அவளுடையதாக இருந்தது. ஒரு சுற்று சுற்றி நின்றாள். மூச்சு இரைக்கவில்லை.

அப்போதுதான் சீட்டு வந்தது.

தலைகளுக்கு மேலே கை மாறிக் கை மாறி வந்தது. முதல் வரிசைக்காரர் எட்டி நீட்டினார். தாளம் ஓடிக்கொண்டிருக்கும்போதே குனிந்து வாங்கி, ஒரு கையால் விரித்து, அடுத்த சுற்றில் பேரை வைத்துப் பாடுவது அவளுக்குத் தூக்கத்திலும் வரும். சிரித்துக்கொண்டே விரித்தாள். பின்பக்கம் ஜாக்கெட் அளவு கோடு போட்டிருந்தது: தோள், கை, சுற்றளவு. முன்பக்கத்தில் ஒரே ஒரு பேர்.

அபிநயா.

தாளம் வந்தது. ஐந்தருவி குளிக்கப் போயி. வாய் தானாகப் பாடியது. ஒத்தக் காலு கொலுசத் தொலைச்சு. கூட்டம் முழுக்கப் போனைத் தூக்கிப் பிடித்துப் படம் எடுத்துக்கொண்டிருந்தது. ஓடி வந்த பச்சக்கிளி. நாகர்கோயில் ஹாஸ்டலில் நாளைக் காலை யாரோ ஒருத்தி போனில் அந்தப் படம் ஓடும். பஸ்ஸில் டிரைவர் போடுவார். வாத்தியார் வருகை எடுப்பார்.

'ஏட்டி...' என்றாள்.

வாய் திறந்தபடி நின்றது. இருபத்தைந்து வருஷத்தில் ஒரு சீட்டையும் தள்ளாதவள் அவள். அந்தப் பேரை அவளால் சொல்ல முடியவில்லை. செத்தாலும் முடியாது. மூன்றாவது வரிசையைப் பார்த்தாள். சுகந்தி அவளையேதான் பார்த்துக்கொண்டிருந்தாள். கோபம் இல்லை அந்த முகத்தில். சீட்டுக் கொடுத்தவர் எல்லோரும் பார்ப்பதுபோல, தான் கொடுத்த பேர் வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

முத்துசெல்வி பேர் சொல்லாமல் விட்ட இடத்தில் ஒரு நொடி தாளம் மட்டும் கேட்டது. பிறகு கூட்டம் அதை நிரப்பியது.

"சுகந்தி!" என்று ஆயிரம் வாய் கத்தியது. "எங்கட்டி கொலுசு?"

"வேண்டாம்! பாடாதீங்க!" என்றாள் முத்துசெல்வி மைக்கில்.

ஜனம் சிரித்தது. பாட்டுக்காரி விளையாடுகிறாள் என்று நினைத்தது. அடுத்த சுற்றில் இன்னும் பலமாகக் கத்தியது.

"பெஞ்சமின், நிப்பாட்டுலே! நிப்பாட்டு!"

அவன் நிறுத்தினான். தாளம் நின்றும் பாட்டு நிற்கவில்லை. கைத்தட்டலையே தாளமாக வைத்துக்கொண்டு அவர்களாகப் பாடினார்கள். தோளில் இருந்த பிள்ளைகள் கையைத் தூக்கி ஆட்டின. சுகந்தி எழுந்து, துப்பட்டாவைத் தலையில் போட்டுக்கொண்டு, தன் பேரைக் கத்திக்கொண்டிருந்த கூட்டத்துக்குள்ளே புகுந்து நடந்தாள். அவள்தான் அந்த சுகந்தி என்று ஒருவருக்கும் தெரியவில்லை. வழிவிடச் சொல்லி அவள் தொட்டவர்களும் பாடிக்கொண்டேதான் ஒதுங்கினார்கள்.

முத்துசெல்வி சீட்டை நாலாக மடித்து ரவிக்கைக்குள் வைத்தாள். எழுத்திலேயே வாங்கிவிட்டாள், இனி யாரும் மறுக்க முடியாது, அது அவள் பாட்டு. "அய்யா, போதும்யா, என் பாட்டுய்யா, விட்ருங்கய்யா" என்று கும்பிட்டுக்கொண்டு நின்றாள். அவர்கள் விடவில்லை.